சித்தப்பா யாரிடம் பேசுகிறார்?

தங்கச்சிமடம் கரையில் வத்தைப் படகை ஏற்றிவிட்டு வலைக் கிழிசலைச் சரிபார்க்க உட்கார்ந்தால், சித்தப்பாவுக்குப் பக்கத்தில் ஓர் ஆளும் இருக்காது. பேச்சு மட்டும் ஓயாது. "எங்க வச்சேன்... ஊசி... ஊசி..." என்று மணலைத் துழாவுவார். நூல் சிக்கிக்கொண்டால் தன் பேரையே சொல்லி, "அவசரப்படாதடா, அந்த முடிச்ச மொதல்ல அவுரு" என்பார். பையன்கள், "ஏர்வாடிக்குக் கூட்டிட்டுப் போங்க" என்று சிரிப்பார்கள். அங்கே தர்காவில் மனநோயோடு கிடப்பவர்களைப் பார்த்த ஊர்க்காரர்களுக்கு இந்தக் கேலி எப்படித்தான் வாயில் வருகிறதோ!

சிறு பிள்ளைகள் விளையாடும்போது சத்தமாகத் தனக்குத்தானே பேசுவதை ரஷ்ய உளவியலாளர் லெவ் வைகாட்ஸ்கி கூர்ந்து கவனித்தார். பெரியவர்கள் "இப்படிச் செய், அப்படிச் செய்யாதே" என்று சொன்னதைப் பிள்ளை தனக்கே சொல்லிப் பார்க்கிறது. வயது ஏற ஏற அது முணுமுணுப்பாகி, பிறகு மனசுக்குள் போய்விடுகிறது என்றார். படம் வரையும் பிள்ளைக்குத் தேவையான பென்சில் இல்லாமல் செய்து பார்த்தபோது பேச்சு கூடியது. வேலை கடினமானால் உள்ளே போன பேச்சு பெரியவர்களுக்கும் வெளியே வந்துவிடும்.

ஊசியைப் பெயர் சொல்லித் தேடுவதிலும் விஷயம் இருக்கிறது. அமெரிக்காவில் கேரி லூப்யனும் டேனியல் ஸ்விங்லியும் 2012-ல் வெளியிட்ட ஆய்வில், பல படங்களுக்கு நடுவே ஒன்றைத் தேடியவர்கள் அதன் பெயரை வாய்விட்டுச் சொன்னபோது வேகமாகக் கண்டுபிடித்தார்கள். பெயரைக் கேட்டதும் அதன் உருவம் மூளையில் பளிச்சென்று எழுகிறது. ஆனால் பொருளின் தோற்றம் நன்றாகப் பழகியிருக்க வேண்டும். இல்லையென்றால் பெயர் இடைஞ்சல்தான். சித்தப்பாவுக்கு வலை ஊசி அறுபது வருஷப் பழக்கம்.

தன்னைப் பேர் சொல்லி அதட்டுவது? ஈதன் கிராஸ் குழுவினர் 2014-ல் வெளியிட்ட ஆய்வில், 'நான்' என்பதை விட்டுத் தன் பெயரைச் சொல்லி யோசித்தவர்களுக்குப் பதற்றம் குறைந்திருந்தது. அடுத்தவர் சிக்கலுக்குப் புத்தி சொல்வது நமக்கு எப்போதும் சுலபம் அல்லவா?

பையன்களுக்குச் சொல்ல வேண்டியது ஒன்று பாக்கி. நாம் பேச வாயெடுக்கும்போதே, "வரப்போவது நம் குரல்தான்" என்று மூளை தன் கேட்கும் பகுதிக்கு முன்கூட்டித் தகவல் அனுப்பி, அந்தச் சத்தத்தை அடக்கி வாங்க வைக்கிறது. மனச்சிதைவு நோயில் இந்த முன்தகவல் பிசகுவதால்தான் சொந்த எண்ணமே வேறு யாரோ பேசுவதுபோல் கேட்கிறது என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். சித்தப்பாவுக்கோ பேசுவது யாரென்று நன்றாகத் தெரியும்.

நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தால் வாயை மூடிக்கொள்வார். அன்றைக்கு வலை முடிய இருட்டிவிடும். இப்போதெல்லாம் பூவரச மரத்தடியிலேயே நின்றுகொள்கிறேன்.