ஆலய வழக்கில் நீதிமன்றத்திடம் எதைக் கேட்பது?

இலங்கையின் வடக்கிலும் கிழக்கிலும் கொடியேற்றம் நெருங்கும் காலத்தில்தான் ஆலயப் பிணக்குகள் மாவட்ட நீதிமன்றங்களை நோக்கி வருகின்றன. பழைய பரிபாலன சபைக்கு எதிராகப் புதிய சபை வருகிறது, தர்மகர்த்தா குடும்பத்திற்கு எதிராக ஊரவர் வருகிறார்கள். பெரும்பாலும் அவர்கள் கேட்பது ஒரு தடையுத்தரவு மட்டுமே. இவ்வருட மகோற்சவத்தை யார் நடத்துவது என்பதோடு வழக்கை நிறுத்திக்கொண்டால் அடுத்த வருடமும் அதே வழக்குக்கு வரவேண்டியிருக்கும். ஆகவே ஆலயம் எந்த ஒழுங்கில் நிர்வகிக்கப்பட வேண்டும் என்பதற்கு நிர்வாகத் திட்டம் ஒன்றையே நீதிமன்றத்திடம் கேட்க வேண்டும் என்று என்னிடம் வருவோருக்குச் சொல்லி வருகிறேன்.

இலங்கையில் பௌத்த விகாரைகளின் சொத்துக்களுக்கு 1931ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டமும், பள்ளிவாசல்களுக்கு 1956ஆம் ஆண்டின் வக்பு சட்டமும் உண்டு. சைவ ஆலயங்கள் அனைத்துக்கும் பொதுவான அத்தகைய தனிச் சட்டம் இல்லாததால், ஒரு நோக்கத்துக்காக ஒப்படைக்கப்பட்ட சொத்தைப் பிறருக்காகப் பராமரிக்கும் கடமையை, அதாவது நம்பிக்கைப் பொறுப்பை (trust), ஒழுங்குபடுத்தும் 1917ஆம் ஆண்டின் நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச் சட்டமே பொருந்துகிறது. இதனால்தான் மேற்பார்வைப் பொறுப்பு மாவட்ட நீதிமன்றத்தின் மீது விழுகிறது. இந்து சமய கலாசார அலுவல்கள் திணைக்களத்தில் ஆலயத்தைப் பதிவு செய்துவிட்டோம், ஆகவே நிர்வாகம் எங்களுடையதுதான் என்று பலர் நம்புகிறார்கள். அந்தப் பதிவு மட்டும் எவரையும் நம்பிக்கைப் பொறுப்பாளர் ஆக்கிவிடாது.

அந்த 1917ஆம் ஆண்டுச் சட்டத்தின் 102ஆம் பிரிவின்படி, ஆலயத்தில் வழக்கமாக வழிபட்டு வரும் குறைந்தது ஐவர் சேர்ந்து வழக்குத் தொடரலாம். கணக்கு ஒப்புவிக்கும்படியும், பொறுப்பாளரை நியமிக்கும்படியும் நீக்கும்படியும், நிர்வாகத் திட்டம் வகுக்கும்படியும் கேட்கலாம். ஆனால் அதற்கு முன்பே அரசாங்க அதிபரிடம் மனுச் செய்து, அவர் நியமிக்கும் ஆணையாளர் விசாரணை நடத்தி, விடயம் நீதிமன்றத்தின் கவனத்துக்கு உரியது என்று அறிக்கையிட்டு, அதற்கான சான்றிதழ் கிடைத்திருக்க வேண்டும். அவசரத்தில் இந்தப் படியைத் தாண்டி வரும் வழக்குகள் விசாரணைக்கு முன் எதிர்த்தரப்பு எழுப்பும் பூர்வாங்க ஆட்சேபனையிலேயே விழக்கூடும். இதை வெறும் சடங்காக எண்ணக் கூடாது என்பது என் கருத்து. ஆணையாளர் முன்னிலையில் ஊரவர் ஒரே மேசையில் அமரும் அந்தக் கட்டத்திலேயே இணக்கத்துக்கு நல்ல வாய்ப்பு இருக்கிறது.

"இது எங்கள் குடும்பக் கோயில், காணி உறுதி எங்கள் பாட்டனார் பெயரில் இருக்கிறது" என்பது அடுத்து எழும் வாதம். உறுதியில் பெயர் இருப்பதாலேயே விடயம் முடிந்துவிடுவதில்லை. நம்பிக்கைப் பொறுப்பை உருவாக்கும் எழுத்து மூலமான தர்மசாதனம் இல்லாவிட்டாலும், சூழ்நிலைகள் அனைத்தையும் நோக்கி அறநம்பிக்கைப் பொறுப்பு ஒன்று இருப்பதாக நீதிமன்றம் கொள்ள 107ஆம் பிரிவு இடமளிக்கிறது. ஊரவர் உபயம் செய்த திருவிழாக்களின் பழைய துண்டுப்பிரசுரங்கள், நிதி சேர்த்த பற்றுச்சீட்டுகள், பொதுக்கூட்ட அறிக்கைகள் ஆகியவை இங்கேதான் பேசுகின்றன. அவற்றைக் கறையான் அரிக்க விட்டுவிட்டு வழக்குக்கு வருவது பெரும் துயரம்.

நிர்வாகத் திட்டத்தை வகுக்கும்போது தர்மசாதனம் இருந்தால் அதையும், சமூகத்தின் சமய வழமையையும், அந்தந்த ஆலயத்தின் உள்ளூர் வழக்கத்தையும் நீதிமன்றம் கருத்திற்கொள்ள வேண்டும் என்று 106ஆம் பிரிவு கூறுகிறது. ஆகவே பூசை முறையும் பரம்பரை உரிமைகளும் ஒரேயடியாகத் தூக்கியெறியப்படும் என்ற அச்சம் தேவையற்றது. வழக்காளிகள் கவனம் செலுத்த வேண்டியது வேறு இடத்தில்: அங்கத்தவர் யார், வெளிநாட்டில் வாழும் ஊரவருக்கு வாக்குரிமை உண்டா, அங்கத்தவர் பட்டியலை யார் திருத்துவது. நான் கண்ட பிணக்குகளில் பல, சபைத் தெரிவுக்கு முந்திய வாரத்தில் சேர்க்கப்பட்ட பெயர்களில் தொடங்கியவை. கனடாவிலிருந்தும் சுவிஸிலிருந்தும் இராஜகோபுரத்துக்கு வரும் பணம் தனிநபர் கணக்கில் விழாமல் ஆலயத்தின் கூட்டுக் கையொப்பக் கணக்கில் சேர்வதையும், நகைகள் நிறையுடன் பதியப்பட்டுச் சபை மாறும்போது சாட்சிகள் முன் ஒப்படைக்கப்படுவதையும் திட்டமே வரையறுக்க வேண்டும்.

வழக்கு நடந்துகொண்டிருக்கும் காலத்துக்கு, திருவிழாவை நிறுத்தும் கட்டளையைக் கேட்காதீர்கள். இரு தரப்பிலிருந்தும் சிலரைக் கொண்ட இடைக்காலக் குழு திருவிழாவை நடத்தி, வரவு செலவைக் குறித்த திகதிக்குள் நீதிமன்றத்தில் சமர்ப்பிக்கும்படி கட்டளை கேளுங்கள்.