‘அறை ஓபரா’ அன்று, சிற்றிசை நாடகம்

மேலை இசை பற்றித் தமிழில் எழுதுவோர், சிறிய இசைக்குழுவோடு பாடி நடிக்கும் நாடகத்தைக் குறிக்கும் ‘காமர்ஓப்பர்’ என்னும் ஜெர்மன் சொல்லை ‘அறை ஓபரா’ என்று பெயர்த்துவிட்டுக் கடந்துபோவதைப் பலமுறை பார்த்தாயிற்று. வாசிப்பவர் மனத்தில் ஒரு வீட்டுக் கூடமும் அங்கே நின்று பாடும் நாலு பேரும்தான் தோன்றுவார்கள். அந்தக் கலைவடிவத்துக்கும் இந்தக் காட்சிக்கும் தொடர்பில்லை.

‘காமர்’ என்றால் அறை. அச்சொல் வளைகூரையைக் குறித்த கிரேக்கச் சொல்லிலிருந்து லத்தீன் ‘காமெரா’ வழியாக வந்தது. நம் கேமராவுக்கும் அதுவே வேர். ‘ஓபரா’ ஆக்கம், உழைப்பு என்னும் பொருளுடைய லத்தீன் சொல். இத்தாலியர் அதைப் பாடி நடிக்கும் நாடகத்துக்குப் பெயராக்கினர். தேவாலயத்துக்கும் நாடக அரங்குக்கும் உரிய இசையிலிருந்து பிரித்துக் காட்டவே, அரண்மனைத் தனிக்கூடங்களில் வாசிக்கப்பட்டதைக் ‘காமர்’ இசை என்றார்கள். பின்னர் அந்த இசை பொது அரங்குகளுக்கு வந்துவிட்டது. கூடம் போயிற்று, ஒவ்வோர் இசைப்பகுதியையும் ஒருவரே வாசிக்கும் சிறுகுழு மட்டும் நின்றது. இன்று அச்சொல் சுட்டுவது இடத்தையன்று, குழுவின் அளவை.

ஜெர்மன் இசையமைப்பாளர் வொல்ஃப்காங் ரீம் இயற்றி 1979இல் ஹாம்பர்க்கில் அரங்கேறிய ‘யாக்கோப் லென்ட்ஸ்’ இதற்குச் சரியான சான்று. ஜெர்மன் எழுத்தாளர் கியோர்க் பியூக்னர் எழுதி, அவர் இறந்தபின் 1839இல் வெளியான ‘லென்ட்ஸ்’ என்னும் கதையைத் தழுவியது. அதன் நாயகன் பனிக்கால மலைவழியே நடந்து ஓபர்லின் என்னும் பாதிரியார் வீட்டை அடைகிறான். இரவில் வெளியே ஓடித் தொட்டி நீரில் பாய்கிறான். இறந்துபோன சிறுமியை எழுப்ப முயன்று தோற்கிறான். மலையிலும் வெட்டவெளியிலும் விரியும் இக்கதைக்கு ‘அறை’ என்னும் அடைமொழி எப்படிப் பொருந்தும்? ரீம் இதற்கு வைத்துக்கொண்டவர்கள் 11 இசைக்கலைஞர்கள் மட்டுமே. வயலின் ஒன்றுகூட இல்லை. வயலின் குடும்பத்துத் தாழ்ந்த ஒலியுடைய செல்லோக்கள் மூன்றும், பியானோவுக்கு முந்தைய விசைப்பலகைக் கருவியான ஹார்ப்சிகார்டு ஒன்றும் காற்றுக்கருவிகளும் தாளக்கருவிகளுமாக, லென்ட்ஸின் சிதறும் மனத்தை மிக அருகில் நின்று கேட்கச் செய்கின்றன. படைப்பைக் ‘காமர்’ ஆக்குவது இந்தச் சிறுகுழுதான்.

‘காமர்’ என்பதற்கு ஆங்கிலத்தில் ‘சேம்பர்’ என்பார்கள். ஆனால் ‘சேம்பர் ஆஃப் காமர்ஸ்’ என்பதை எவரும் வணிக அறை என்று எழுதுவதில்லை. வர்த்தக சபை என்றோ வணிகர் சங்கம் என்றோதான் எழுதுகிறோம். வணிகத்துக்குக் காட்டும் அந்தக் கவனத்தை இசைக்குக் காட்டக்கூடாதா? மேலும் தமிழில் ‘அறை’ ஒரு வினையடியும் ஆகும். முரசு அறைதல், பறை அறைதல் என்ற வழக்கை அறிந்தவர், ‘காமர்’ இசைக்கு இடப்படும் ‘அறையிசை’ என்னும் பெயரை வினைத்தொகையாகக் கொண்டு, முழக்கும் இசை என்றே படிப்பார். மென்மையாகவும் நெருக்கமாகவும் ஒலிப்பதைச் சொல்ல வந்த சொல் நேர்மாறாகப் பொருள்படுகிறது. அகராதியின் முதற்பொருளை எடுத்து ஒட்டிவிட்டு அதைக் கலைச்சொல் என்று பெயர்சூட்டும் மொழிபெயர்ப்பாளர்கள், ஆக்கிய சொல்லை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தாலே இது தெரிந்திருக்கும்.

‘குறு ஓபரா’ என்பாரும் உண்டு. அது நேர அளவைக் குறிப்பதால் அதுவும் தவறு. ரிச்சர்ட் ஸ்ட்ராஸின் ‘எலெக்ட்ரா’ (1909) ஒரே அங்கம் கொண்டது. ஆனால் அது கேட்கும் இசைக்குழு நூறு பேரைத் தாண்டும்.

‘சிற்றிசை நாடகம்’ என்பதே தக்கது. கடைச்சங்க நூல்களை அடுக்கும் இறையனார் களவியல் உரை, ‘சிற்றிசையும் பேரிசையும்’ என்று இரு நூற்பெயர்களை அருகருகே தருகிறது. அந்நூல்கள் கிடைக்கவில்லை, அங்கு அச்சொற்கள் குறித்தது வேறாகவும் இருக்கலாம். ஆயினும் சொல் நம்முடையது, உருவாலும் ஒலியாலும் குறையற்றது. ‘சிறு’ என்றால் தரக்குறைவு தோன்றுமே என்பவர்கள் சிறுகதையையும் சிற்றிலக்கியத்தையும் எண்ணிப் பார்க்கட்டும். ‘நாடகம்’ என்பதையும் விட்டுவிடக் கூடாது: லென்ட்ஸாக நடிக்கும் பாடகர் பாடுவதோடு பேசவும் முணுமுணுக்கவும் கத்தவும் வேண்டியிருக்கிறது. பாட்டும் பேச்சும் கலந்த மேடை வடிவத்துக்கு ‘இசை நாடகம்’ என்ற பெயர் சங்கரதாஸ் சுவாமிகளின் மரபில் நமக்குப் பழகியதே. ‘காமர்’ இசையைச் சிற்றிசை என்றும், அதன் மேடை வடிவத்தைச் சிற்றிசை நாடகம் என்றும் எழுதினால் இரண்டின் உறவும் விளக்கமின்றியே புலப்படும்.