கிணற்றில் வந்த கண்ணில்லா உயிரி: குளோரீன் இடுமுன் பார்க்க வேண்டியவை

மாரி மழை ஓய்ந்து மட்டக்களப்பு வாவிக்குக் கிழக்கேயுள்ள எழுவான்கரைக் கிணறுகளில் நீர்மட்டம் ஏறி நிற்கும் தை, மாசி மாதங்களில், "தண்ணியில் வெள்ளைப் புழு கிடக்குது, குடிக்கலாமா?" என்ற கேள்வியுடன் போத்தல்களில் நீர்மாதிரிகள் எமது ஆய்வுகூடத்துக்கு வரத் தொடங்கும். கொண்டுவருபவர்களில் அநேகர் அதற்கு முன்னரே கிணற்றை இறைத்து, குளோரீன் தூளையும் கொட்டி முடித்திருப்பார்கள். இறந்து சிதைந்த உடலை வைத்து அது எந்த உயிரி என்று சொல்வது கடினம். ஆகவே முதலில் பாருங்கள், பிறகு மருந்திடுங்கள் என்பதே எனது வேண்டுகோள்.

அப்படி அகப்படுவனவற்றுள் கண்ணில்லாத பாத்தினெல்லேசியாவும் இருக்கலாம். இது இறால், நண்டு ஆகியவை அடங்கும் கிறஸ்டேசியா கூட்டத்தைச் சேர்ந்தது. குகைவாழ் கிறஸ்டேசியா என்றதும் சுண்ணாம்புப் பாறைக் குகைகளே நினைவுக்கு வரும். கடலுக்கும் மட்டக்களப்பு வாவிக்கும் இடைப்பட்ட எமது மணற்பட்டையில் அத்தகைய குகைகள் இல்லை. ஆனால் ஒரு மில்லிமீற்றர் நீளமுள்ள உயிரிக்கு, நீர் நிறைந்த மணற்பருக்கைகளின் இடைவெளியே போதிய குகையாகும். ஒளியும் பச்சைத் தாவரமும் இல்லாத அவ்விடத்தில், மேலிருந்து கசிந்து வரும் சேதனத் துணுக்குகளையும் பற்றீரியாக்களையும் உண்டே அவை வாழ்கின்றன.

கைவில்லையால் பார்க்கும்போது முதலில் கண்ணையும் அடுத்து முட்டையையும் தேடுங்கள். நெற்றி நடுவில் ஒற்றைச் செங்கண்ணும், பெண்ணின் வாலடியில் இருபுறமும் தொங்கும் இரு முட்டைப் பைகளும் இருந்தால் அது சைக்கிளொப்ஸ். திறந்த கிணறுகளில் மிகச் சாதாரணமாகக் காணப்படுவதும் இதுவே. இந்தியாவின் படிக்கிணறுகளில் மனித உடலில் புகுந்து நோய் தரும் நரம்புச் சிலந்திப் புழுவைக் காவியது சைக்கிளொப்ஸ்தான். 2000ஆம் ஆண்டில் இந்தியா அந்நோயற்ற நாடாகச் சான்று பெற்றது. பக்கவாட்டில் தட்டையாகி, மார்புக் கால்களுக்கிடையே பையில் முட்டைகளைச் சுமப்பது அம்பிப்பொட் என்னும் கிறஸ்டேசியா வகை. கண்ணும் நிறமும் இன்றி, நூல்போல் நீண்ட உடலுடன், முட்டைப் பையும் இல்லாத ஒன்று அகப்பட்டால், பாத்தினெல்லேசியா வருணத்தை (வகைப்பாட்டில் வகுப்புக்குக் கீழுள்ள பிரிவு) நினைக்கலாம். இதன் பெண் முட்டைகளைச் சுமப்பதில்லை. ஒவ்வொன்றாக மணலில் விட்டுவிடும். குஞ்சு நீந்தித் திரியும் குடம்பிப் பருவம் (தாயை ஒத்திராத இளம் பருவம்) எதுவுமின்றி நேரடியாகவே வளர்கிறது.

இவ்வுயிரியின் உடலமைப்பைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். இறாலின் தலையையும் மார்பையும் மூடி நிற்கும் முதுகோடு இதற்கு அறவே இல்லை. ஆகவே மார்பின் எட்டுத் துண்டங்களும் ஒன்றன்பின் ஒன்றாக வெளித்தெரியும். முதலாம் துண்டம்கூடத் தலையுடன் இணையவில்லை. முதல் ஏழு சோடிக் கால்களும் பொதுவாக இரு கிளைகள் கொண்டவை. எட்டாவது சோடி குறுகிப்போய், ஆணில் இனச்சேர்க்கை உறுப்பாக மாறியிருக்கும். வயிற்றுப்புற நீச்சற் கால்கள் முன்புறத்தில் ஓரிரு சோடிகளாக எஞ்சியிருக்கும், அல்லது முற்றாக இல்லாதிருக்கும். கடைசி வயிற்றுத் துண்டமோ வால்நுனியுடன் ஒன்றாகியிருக்கும். இனத்தைப் பிரித்தறிய, கிளிசரின் துளியில் உடலைக் கிடத்தி, மெல்லிய ஊசியால் அந்த எட்டாம் காலைக் கழற்றி நுணுக்குக்காட்டியில் வைத்தே ஆக வேண்டும். மேலுதட்டின் பற்களையும் வாற்காலின் முட்களையும் எண்ணுவதும் அவசியம். பொறுமை இல்லாதவர்களுக்கு உரிய வேலையல்ல இது.

வகைப்பாட்டு வரலாறும் அவ்வாறே நிதானமாக நகர்ந்தது. 1882இல் விலங்கியலாளர் வெய்தோவ்ஸ்கி, பிராக் நகரக் கிணறொன்றில் கிடைத்த இவ்வகை உயிரியைப் பாத்தினெல்லா நேட்டன்ஸ் என விவரித்தார். அது யாருக்கு உறவு என்பது அப்போது புலப்படவில்லை. தசுமேனிய மலை நீரோடைகளில் வாழும் அனஸ்பைடிஸ் என்னும் கிறஸ்டேசியா பின்னர் கண்டறியப்பட்ட பிறகே, இரண்டுக்கும் முதுகோடு இல்லாமையைக் கொண்டு 1899இல் விலங்கியலாளர் கல்மன் அவற்றின் உறவை எடுத்துக்காட்டினார். இன்று இரண்டும் இறால், நண்டு ஆகியவையும் அடங்கும் மலக்கொஸ்திராக்கா வகுப்பில் சின்காரிடா என்னும் மேல்வருணத்தின் வெவ்வேறு வருணங்களாக வைக்கப்படுகின்றன. அனஸ்பைடிஸில் மார்பின் முதல் துண்டம் தலையுடன் இணைந்துள்ளமை ஒரு முக்கிய வேறுபாடு. பாத்தினெல்லேசியாவினுள் பாத்தினெல்லிடே, பராபாத்தினெல்லிடே ஆகிய இரண்டுமே பிரதான குடும்பங்கள்.

எம்மைப் பொறுத்தவரை கவனத்துக்குரியது ஹப்ரோபாத்தினெல்லா என்னும் பாத்தினெல்லேசியாச் சாதி (நெருங்கிய இனங்களின் தொகுதி). மடகஸ்காரிலும் ஆந்திர மாநில நிலத்தடி நீரிலும் அதன் இனங்கள் உள்ளன. உப்புக்கடலை நீந்திக் கடக்க வல்ல குடம்பி இல்லாத இவ்வுயிரி, ஒட்டியிருந்த நிலங்கள் பிரிந்தபோதே பிரிந்திருக்க வேண்டும் என்ற விளக்கம் எனக்கு ஏற்புடையதாகப்படுகிறது. அந்தப் பழைய நிலத்தின் துண்டுதான் இலங்கையும் என்பதால், எமது கிணறுகளை அசட்டை செய்ய எனக்கு மனம் வருவதில்லை.

பாத்தினெல்லேசியா மனிதருக்கு நோய் பரப்புவதாக அறியப்படவில்லை. அதற்காக, அது இருப்பதனால் நீர் குடிக்க உகந்தது என்றும் கொள்ளலாகாது. மலசலகூடக் குழி கிணற்றுக்கு அருகில் இருந்தால் மலக்கழிவு கலந்ததைக் காட்டும் ஈ.கோலை பற்றீரியாப் பரிசோதனை செய்தே தீர வேண்டும். அதுவரை நீரைக் கொதிக்க வைத்துக் குடியுங்கள். கிணற்றைத் திரும்பத் திரும்ப இறைப்பதையும் தவிருங்கள். கரையோர மணலில் நன்னீர் உவர்நீரின் மேல் மெல்லிய படையாகவே நிற்கிறது. 2004 ஆழிப்பேரலைக்குப் பின், உப்பை அகற்றுவதற்காக அளவுக்கு மீறி இறைத்த இடங்களில் அடியிலிருந்த உவர்நீர் மேலேறி வந்தது.

மாதிரி கொண்டுவருவோர் நீரை மெல்லிய துணியில் வடித்து, உயிரியைச் சிறு குப்பியில் 95 சதவீத எதனோலில் இடுங்கள். போமலின் இட்டால் பின்னர் டீஎன்ஏ ஆய்வு செய்வது கடினம். திகதி, ஊர், கிணற்றின் ஆழம், கடைசியாகக் குளோரீன் இட்ட நாள் ஆகியவற்றைப் பென்சிலால் எழுதிக் குப்பிக்குள்ளேயே போட்டுவிடுங்கள்; பேனா மை எதனோலில் கரைந்து அழிந்துவிடும்.