17(ஆ) மெமோ கைக்கு வந்ததும்

டிஸ்மிஸ் ஆன அரசு ஊழியர்கள் வழக்கு போட என்னிடம் வரும்போது அந்த உத்தரவை மட்டும் நீட்டுவார்கள். நான் கேட்பது வேறொரு தாளை: குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கு (மெமோவுக்கு) அவர்கள் எழுதிக் கொடுத்த விளக்கத்தின் நகல். பலரிடம் அது இருக்காது.

தமிழ்நாடு அரசு ஊழியர் மீதான நடவடிக்கைக்கு அடிப்படை 1955ஆம் ஆண்டின் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகள். கண்டனம் போன்ற சிறு தண்டனைக்கு அதில் விதி 17(அ). வேலையே போகும் தண்டனை என்றால் 17(ஆ). இந்த மெமோவிலேயே ஒரு கேள்வி இருக்கும்: வாய்மொழி விசாரணை வேண்டுமா, நேரில் சொல்ல வாய்ப்பு மட்டும் போதுமா? வேண்டும் என்று ஊழியர் எழுதிவிட்டால் நிர்வாகம் விசாரணையை நடத்தியே தீர வேண்டும்.

ஆனால் அலுவலகத்தில் நலம்விரும்பி ஒருவர் எப்படியும் இருப்பார். “சாரிடம் மன்னிப்புக் கேட்டு எழுதிக் கொடுத்துடுங்க, இன்கிரிமென்ட் கட்டோட முடிச்சிடுவாங்க” என்பார். அந்த மன்னிப்புக் கடிதம்தான் பிறகு குற்ற ஒப்புதலாகக் கோப்பில் ஏறும். என்னைக் கேட்டால், மெமோ வந்த அன்று யார் யோசனையும் கேட்காமல் தூங்கப் போவதே மேல்.

வாய்மொழி விசாரணையில்தான் சாட்சிகள் நேரில் வருவார்கள், குறுக்கு விசாரணை செய்யலாம், ஆவணங்களைக் கேட்டுப் பார்க்கலாம். எஃப்ஐஆர் நகலைக் கோப்பில் வைத்துவிட்டால் குற்றம் நிரூபணமாகிவிடாது. அதை யாராவது வந்து சாட்சியமாகச் சொல்ல வேண்டும் என்று 2008இல் ரூப் சிங் நெகி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஊழியர் வராமலே போனாலும், விசாரணை அலுவலர் துறையின் பக்கம் நின்று பேசக் கூடாது, ஆதாரம் போதுமா என்று பார்க்க வேண்டும் என்பது 2010இல் வந்த தீர்ப்பு.

இதற்கெல்லாம் வேர் அரசியலமைப்பின் 311ஆவது பிரிவு. நியமித்த அதிகாரிக்குக் கீழே உள்ளவர் டிஸ்மிஸ் செய்ய முடியாது. குற்றச்சாட்டைச் சொல்லி, நியாயமான வாய்ப்புக் கொடுத்து விசாரிக்காமலும் முடியாது. தண்டனையின் அளவு பற்றித் தனியாக நோட்டீஸ் கொடுக்கும் முறை 1976இல் 42ஆவது திருத்தத்தோடு போய்விட்டது. ஆனால் விசாரணை அறிக்கையின் நகலைக் கொடுத்து, அதன்மேல் ஊழியரின் கருத்தைக் கேட்ட பிறகே முடிவெடுக்க வேண்டும் என்று 1993இல் கருணாகர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு உறுதி செய்தது. நகல் தரவில்லை என்று மட்டும் சொல்லி ஜெயிக்க முடியாது. அதனால் தனக்கு என்ன பாதிப்பு என்று ஊழியர் காட்ட வேண்டும் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. இந்த இரண்டாவது பாதியைப் பலர் படிப்பதில்லை.

விசாரணை இல்லாமலே டிஸ்மிஸ் செய்ய விதிவிலக்குகள் மூன்று: குற்ற வழக்கில் தண்டனை பெற்றிருந்தால், விசாரணை நடத்துவது நடைமுறையில் இயலாது என்றால், நாட்டின் பாதுகாப்பு என்றால். இரண்டாவதைச் சில அதிகாரிகள் குறுக்கு வழியாக நினைக்கிறார்கள். ஏன் இயலாது என்று காரணத்தை எழுத்தில் பதிவு செய்தாக வேண்டும். ‘சாட்சிகள் பயப்படுவார்கள்’ என்ற ஒற்றை வரி பெரும்பாலும் கோர்ட்டில் நிற்காது.

அதிகாரிகளுக்கும் ஒன்று. அரசு உத்தரவை எதிர்த்துப் போடும் ரிட் மனுவில் உயர் நீதிமன்றம் பொதுவாகச் சாட்சியங்களை மறுபடி எடைபோடாது. முடிவுக்கு வந்த விதத்தைத்தான் பார்க்கும். அங்கே ஓட்டை இருந்தால் உத்தரவு ரத்தாகும், தவறு நடந்த கட்டத்திலிருந்து விசாரணையை மறுபடி தொடங்கச் சொல்வார்கள். அதற்குள் சாட்சி ஓய்வு பெற்றிருப்பார், பதிவேடு காணாமல் போயிருக்கும். உண்மையிலேயே லஞ்சம் வாங்கியவர் பின்பாக்கிச் சம்பளத்தோடு திரும்பி வருவது இப்படித்தான். அவரைக் காப்பாற்றியது அவருடைய வக்கீல் இல்லை, நாலு நாளில் கோப்பை முடித்த அவசரம்.

போக்குவரத்துக் கழகம், மின்வாரியம் போன்றவற்றில் இருப்பவர்களுக்கு 311 பொருந்தாது. அவர்களுக்கு நிலையாணைகள், நிறுவனத்தின் சொந்தப் பணி விதிகள் உண்டு; ஒருவர் தரப்பைக் கேட்காமல் தண்டிக்கக் கூடாது என்ற இயற்கை நீதி அங்கேயும் செல்லும். எங்கே வேலை பார்த்தாலும் ஆவணம் கேட்பது, அவகாசம் கேட்பது, விசாரணை கேட்பது எல்லாவற்றையும் எழுத்திலேயே கேளுங்கள். தபால் பிரிவின் முத்திரையோடு ஒரு நகலை வீட்டில் வையுங்கள். சஸ்பெண்ட் ஆன பிறகு அலுவலக மேஜை இழுப்பறையைத் திறக்க விடமாட்டார்கள்.