ஓய்வூதியம் குறைந்தால் முதலில் வித்தியாசத் தொகையைப் பாருங்கள்

மாதத்தின் கடைசி வேலை நாள் மாலையில் எனக்கு வரும் அழைப்புகளில் பாதி, "சார், இந்த மாதம் பென்ஷன் குறைந்து வந்திருக்கிறது" என்றுதான் தொடங்கும். எவ்வளவு குறைந்தது என்று கேட்டால், "கொஞ்சம் குறைந்திருக்கிறது" என்பார்கள். அந்தக் "கொஞ்சத்தை" வைத்துக்கொண்டு நானும் ஒன்றும் சொல்ல முடியாது, கருவூலமும் வங்கியும் ஒன்றும் சொல்ல முடியாது. சரியான தொகையைச் சொன்னால் பெரும்பாலும் காரணத்தைத் தொலைபேசியிலேயே சொல்லிவிடலாம். கருவூலத்தின் ஓய்வூதியப் பிரிவில் இருந்தபோதும், பணி ஓய்வுக்குப் பிறகு சங்க அலுவலகத்தில் உட்கார்ந்து மற்றவர்களின் தாள்களைப் பார்த்துக் கொடுக்கும் இப்போதும், நான் முதலில் கேட்பது பாஸ்புக்கில் கடைசி மூன்று மாத வரவைத்தான்.

வங்கிக் கணக்கில் ஒரே தொகையாக விழுந்தாலும், ஓய்வூதியம் என்பது ஒரு பெரிய கூட்டல் கழித்தல் கணக்கு. அடிப்படை ஓய்வூதியம், அதன் மேல் அகவிலைப்படி, மருத்துவப்படி எல்லாம் கூட்டலில் வரும். கம்யூட்டேஷன் (ஓய்வூதியத்தின் ஒரு பங்கை முன்கூட்டியே மொத்தமாக வாங்கிக்கொண்டதற்கான பிடித்தம்), வருமான வரி, மாநில ஓய்வூதியர் என்றால் மருத்துவக் காப்பீட்டுச் சந்தா, குடும்பப் பாதுகாப்பு நிதி எல்லாம் கழித்தலில் போகும். இவற்றில் ஒவ்வொன்றுக்கும் மாறுவதற்கென்று ஒரு தேதி உண்டு.

மத்திய அரசுப் பணியில் கடைசி அடிப்படைச் சம்பளம் 70,000 ரூபாய் வாங்கி ஓய்வு பெற்ற ஒருவரை எடுத்துக்கொள்வோம். அவருடைய அடிப்படை ஓய்வூதியம் 35,000. மத்திய அரசின் அகவிலைப்படி 2025 ஜனவரி முதல் 55 சதவீதம், ஜூலை முதல் 58 சதவீதம். ஜூலை உயர்வு அக்டோபரில்தான் அறிவிக்கப்பட்டது. 3 சதவீத உயர்வு என்றால் மாதம் 1,050 ரூபாய். நிலுவை அக்டோபர் ஓய்வூதியத்தோடு சேர்ந்து வந்தால், ஜூலை முதல் செப்டம்பர் வரை மூன்று மாதத்துக்கு 3,150 கூடுதலாக விழும். நவம்பரில் அது இருக்காது. உடனே "3,150 ரூபாய் பிடித்துவிட்டார்கள்" என்று அழைப்பு வரும். யாரும் எதையும் பிடிக்கவில்லை. எனக்கு வரும் புகார்களில் மிக அதிகமானது இதுதான். வருடத்துக்கு இருமுறை, நிலுவை வந்த மாதத்துக்கு அடுத்த மாதத்தில், தவறாமல் வரும்.

அதே மனிதர் ஓய்வு பெறும்போது 40 சதவீதத்தைக் கம்யூட்டேஷன் செய்திருந்தால், மாதம் 14,000 ரூபாய் குறையும். 60 வயதில் ஓய்வு பெற்றவருக்கு இதற்கான மதிப்புக் காரணி 8.194. எனவே 14,000 × 12 × 8.194, அதாவது 13,76,592 ரூபாய் மொத்தமாகக் கிடைத்திருக்கும். தமிழ்நாடு அரசில் மூன்றில் ஒரு பங்கு வரை கம்யூட்டேஷன் செய்யலாம். இரு அரசுகளிலும் 15 ஆண்டுகள் முடிந்ததும் குறைத்த பங்கு திரும்ப வர வேண்டும். அகவிலைப்படி எப்போதுமே கம்யூட்டேஷனுக்கு முந்தைய முழு அடிப்படைத் தொகையின் மேல்தான் கணக்கிடப்படுகிறது. ஆகவே 15 ஆண்டு முடிந்ததும் கூடப்போவது சரியாக 14,000 மட்டுமே. அதன் மேல் அகவிலைப்படி எதுவும் சேராது. "14,000-க்கு 58 சதவீதம் சேர்த்து வர வேண்டாமா" என்று சண்டைக்குப் போனவர்களைப் பார்த்திருக்கிறேன். அந்த 58 சதவீதத்தை அவர்கள் இத்தனை ஆண்டுகளாக வாங்கிக்கொண்டுதான் இருந்தார்கள்.

ஆனால் 15 ஆண்டு முடிந்தும் தொகை கூடாமலே போவதும் உண்டு. கம்யூட்டேஷன் பிடித்தம் தொடங்கிய தேதி கணினியில் ஏறவில்லை என்றால், முடியும் தேதி அதற்குத் தெரியாது. ஓய்வு பெற்ற பல மாதங்கள் கழித்துக் கம்யூட்டேஷன் பணம் வாங்கியவர்கள், ஓய்வு நாளை வைத்து எண்ணாமல் பிடித்தம் தொடங்கிய நாளை வைத்து எண்ண வேண்டும்.

80 வயதும் அப்படித்தான். மத்திய அரசு ஓய்வூதியருக்கு 80-ல் 20 சதவீதம், 85-ல் 30, 90-ல் 40, 95-ல் 50, 100 வயதில் 100 சதவீதம் என்று கூடுதல் ஓய்வூதியம் உண்டு. 80 வயது நிறையும் மாதத்தின் முதல் தேதியிலிருந்தே அது சேர வேண்டும். 20-ஆம் தேதி பிறந்தவர் என்றாலும் 1-ஆம் தேதி முதல். நம் 35,000 ரூபாய்க்காரருக்கு 7,000, அதற்கும் 58 சதவீத அகவிலைப்படி சேர்த்தால் 11,060. இதில் அடிக்கடி விட்டுப்போவது குடும்ப ஓய்வூதியம் வாங்கும் தாய்மார்களுக்கு. பழைய ஓய்வூதிய ஆணைகளில் கணவரின் பிறந்த தேதி இருக்கும். மனைவியின் பிறந்த தேதிக்கான இடம் காலியாகவே கிடக்கும். வயது தெரியாத ஒருவருக்குக் கணினி தானாக எதையும் கூட்டிக் கொடுக்காது. வீட்டில் எழுபதைத் தாண்டிய அம்மா இருந்தால் அந்த ஆணையை இன்றே எடுத்துப் பாருங்கள். பிறந்த தேதி இல்லையென்றால் இப்போதே ஆதாரம் கொடுத்துப் பதியச் செய்யுங்கள்.

இனி, கேட்பவர் மனதை மிகவும் உடைக்கும் குறைவுக்கு வருகிறேன். ஓய்வூதியர் இறந்தபின் மனைவிக்கு முதலில் உயர்வு விகிதத்தில் குடும்ப ஓய்வூதியம் கிடைக்கும். மத்திய அரசு விதிப்படி, இறந்த நாளிலிருந்து 7 ஆண்டுகள் அல்லது இறந்தவர் உயிரோடு இருந்திருந்தால் 67 வயது நிறையும் நாள், இவற்றில் எது முந்தியதோ அதுவரை. பிறகு கடைசிச் சம்பளத்தின் 30 சதவீதமாக இறங்கிவிடும். மேலே சொன்னவர் 64 வயதில் இறந்தார் என்று வைத்துக்கொள்வோம். 58 சதவீத அகவிலைப்படியோடு அவர் மனைவிக்கு 55,300 ரூபாய் வந்துகொண்டிருக்கும். மூன்று ஆண்டில் அது 33,180 ஆகும். ஒரே மாதத்தில் 22,120 ரூபாய் குறைவு. முன்கூட்டி ஒரு கடிதம்கூட வராது. கணவரின் ஓய்வூதிய ஆணையிலேயே உயர்வு விகிதம் எந்தத் தேதி வரை என்று அச்சாகியிருக்கும், ஆனால் துக்க வீட்டில் அதை யார் படிக்கிறார்கள்? அந்த அம்மாவின் பெயரில் வீட்டுக் கடன் தவணையோ பேரன் படிப்புச் செலவோ ஏற்றிவைக்கும் பிள்ளைகள், அந்தத் தேதியைப் பார்த்துவிட்டு ஏற்றி வைக்கட்டும்.

வரிப் பிடித்தம் பெரும்பாலும் ஜனவரி முதல் மார்ச் வரை தலைகாட்டும். ஆண்டுக்கான மொத்த வரியை வங்கி மதிப்பிட்டு மாதங்களுக்குப் பிரிக்கிறது. நடுவில் நிலுவைத் தொகை வந்து வருமானம் கூடினால், மிச்ச வரி மிச்ச மாதங்களில் விழும். நீங்கள் எந்த வரி முறை என்று சொல்லாவிட்டால் புதிய முறையிலேயே கணக்கிடுவார்கள். பழைய முறையை நம்பி முதலீடு செய்துவிட்டு வங்கிக்குச் சொல்லாமல் இருப்பவர்கள், கூடுதலாகப் போன பணத்தைக் கணக்குத் தாக்கல் செய்துதான் திரும்ப வாங்க வேண்டும். நிரந்தரக் கணக்கு எண்ணோடு ஆதாரை இணைக்காமல் எண் செயலிழந்திருந்தால் 20 சதவீதம் வரை போகலாம்.

மேற்கண்ட எந்தக் கணக்கிலும் அடங்காமல், ஒவ்வொரு மாதமும் ஒரே தொகை குறைந்தால் அது பெரும்பாலும் வசூல்: முன்பு அதிகமாகக் கொடுத்துவிட்டோம், திருப்பி எடுக்கிறோம் என்பது. இங்கே மட்டும் நான் பொறுமையாக இருங்கள் என்று சொல்வதில்லை. பஞ்சாப் மாநிலம் எதிர் ரஃபீக் மசீஹ் வழக்கில் 2014 டிசம்பர் 18 அன்று உச்ச நீதிமன்றம், ஓய்வு பெற்றவர்களிடமிருந்தும் சி, டி பிரிவு ஊழியர்களிடமிருந்தும் இப்படி வசூலிக்கக் கூடாது என்று சில சூழ்நிலைகளை வரையறுத்துச் சொல்லியிருக்கிறது. அலுவலகத்தின் தவறால் போன பணம் அது. ஊழியர் பொய் சொல்லி வாங்கியது அல்ல. ஆனால் 2016-ல் ஜக்தேவ் சிங் வழக்கில், கூடுதலாக வந்தால் திருப்பித் தருகிறேன் என்று எழுதிக் கொடுத்தவரிடம் வசூலிக்கலாம் என்றும் அதே நீதிமன்றம் சொன்னது. ஓய்வூதியக் கணக்கு தொடங்கும்போது வங்கியில் நீங்கள் கையெழுத்திட்ட தாள்களில் அப்படி ஓர் உறுதிமொழி அநேகமாக இருக்கும். எனவே தீர்ப்பின் நகலைக் கையில் பிடித்துக்கொண்டு மேலாளரிடம் கத்துவதற்கு முன், எந்த மாதம் முதல் எந்த மாதம் வரை, எவ்வளவு அதிகம், எந்த ஆணையின்படி என்று எழுத்தில் கேளுங்கள். அந்தக் கணக்கு அட்டவணை கைக்கு வந்தபிறகுதான் வழக்கறிஞரிடம் போவதில் பொருள் உண்டு. எனக்குத் தெரிந்த ஓர் ஓய்வு பெற்ற ஆசிரியைக்கு, அட்டவணை கேட்டு எழுதிய பிறகு வசூல் தொகையே பாதியாகக் குறைந்தது. ஒரே காலத்தை இரண்டு முறை கணக்கிட்டிருந்தார்கள்.

தாமதத்துக்கு வருவோம். மார்ச் மாத ஓய்வூதியம் மார்ச் கடைசியில் வராது. நிதியாண்டுக் கணக்குக்காக ஏப்ரல் முதல் வேலை நாளில்தான் வரும். ஏப்ரல் 1 வங்கிகளுக்குக் கணக்கு முடிக்கும் நாள் என்பதால் இன்னொரு நாள் தள்ளும். பண்டிகைக்காக முன்கூட்டியே கொடுத்த மாதத்துக்கு அடுத்த மாதம் நீளமாகத் தோன்றும். இவை புகார் கொடுக்க வேண்டிய விஷயங்கள் அல்ல.

டிசம்பர் முடிவில் ஒரு பைசாகூட வரவில்லை என்றால், உயிரோடு இருப்பதைக் காட்ட ஆண்டுதோறும் கொடுக்கும் வாழ்நாள் சான்றிதழைப் பாருங்கள். மத்திய அரசு ஓய்வூதியர் அதைக் கொடுக்க வேண்டியது நவம்பர் மாதம். 80 வயது நிறைந்தவருக்கு அக்டோபர் 1 முதலே கொடுக்கலாம். வருங்கால வைப்பு நிதி ஓய்வூதியர் வருடத்தில் எப்போது கொடுத்தாலும் 12 மாதம் செல்லும். மாநில அரசு ஓய்வூதியர் இதற்காகச் செல்லும் நேர்காணலின் காலம் வேறு. மத்திய அரசில் இருந்த சம்பந்தியைப் பார்த்து நவம்பர் வரை காத்திருக்காதீர்கள்.

இணையவழியில் வாழ்நாள் சான்றிதழ் பதியும் ஜீவன் பிரமாண் 2014 நவம்பரில் வந்தபிறகு வரிசையில் நிற்கும் வேதனை குறைந்தது, உண்மை. ரேகை தேய்ந்த விரல்களுக்கு முகம் காட்டிப் பதியும் வசதியும் 2021-ல் வந்துவிட்டது. தபால்காரர் வீட்டுக்கே வந்து செய்துகொடுக்கிறார். ஆனால் குறுஞ்செய்தியில் சான்றிதழ் எண் வந்துவிட்டது என்றால் வேலை முடிந்தது என்று நினைப்பது தவறு. ஓய்வூதிய ஆணை எண்ணில் ஓர் இலக்கம் மாறினாலோ, வழங்கும் அலுவலகம் என்ற இடத்தில் வேறொன்றைத் தேர்ந்தெடுத்தாலோ சான்றிதழ் உருவாகும், ஆனால் உங்கள் கணக்கில் போய்ச் சேராது. ஏற்கப்பட்டதா நிராகரிக்கப்பட்டதா என்பதை ஒரு வாரம் கழித்து அதே தளத்தில் பார்க்க வேண்டும். வங்கியில் தாளாகக் கொடுத்தால் ஒப்புகைச் சீட்டு வாங்குங்கள். அதைக் கொடுக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கியே வங்கிகளுக்குச் சொல்லியிருக்கிறது. பின்னர் சான்றிதழ் கொடுத்ததும், நின்ற மாதங்களின் தொகை நிலுவையாக வந்துவிடும்.

இந்தக் காலத்தில்தான் ஏமாற்றுக்காரர்களும் அழைப்பார்கள். "கருவூலத்திலிருந்து பேசுகிறோம், உங்கள் சான்றிதழ் ஏறவில்லை, வந்திருக்கும் ஓடிபி எண்ணைச் சொல்லுங்கள்" என்பார்கள். உங்கள் பெயர், ஆணை எண், ஓய்வு பெற்ற தேதி எல்லாம் சரியாகவே சொல்வார்கள். நான் பணியில் இருந்தவரை, ஓர் ஓய்வூதியரை அழைத்து எந்த எண்ணையும் கேட்கும் வேலை எங்களுக்கு இருந்ததில்லை.

புதிதாக ஓய்வு பெறுகிறவரின் முதல் ஓய்வூதியம் தாமதமாவதற்குக் காரணம் அவருடைய பணிப்பதிவேட்டிலேயே பெரும்பாலும் உட்கார்ந்திருக்கும். 1990-களில் ஒரு பதவி உயர்வின்போது ஊதிய நிர்ணயத்தில் ஓர் ஆண்டு உயர்வு ஒரு மாதம் முன்னதாகக் கொடுக்கப்பட்டிருக்கும். தகுதிகாண் பருவம் முடித்த ஆணை பதியப்பட்டிருக்காது. விடுப்புக் கணக்கில் இரண்டு பக்கம் சரிபார்க்கப்படாமல் இருக்கும். அலுவலகம் அனுப்பும் ஓய்வூதியக் கருத்துரு (ஓய்வூதியம் கேட்டு அனுப்பும் தாள்கள்) மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போய், இந்த ஓட்டைக்காகத் திரும்பி வரும். பதில் எழுத வேண்டிய பிரிவு எழுத்தர் அதற்குள் மாறுதலில் போயிருப்பார். ஓய்வுக்கு இரண்டு ஆண்டுக்கு முன்பே பதிவேட்டை வாங்கிப் பக்கம் பக்கமாகப் பாருங்கள். மனைவியின் பெயர் ஆதாரிலும் வங்கியிலும் பதிவேட்டிலும் ஒரே எழுத்தில் இருக்கிறதா என்பதையும் சேர்த்துப் பாருங்கள். ஓரிடத்தில் லட்சுமி, இன்னோரிடத்தில் இலட்சுமி அம்மாள் என்றிருந்தால், அதைச் சரிசெய்ய அலைய வேண்டியவர் நீங்கள் போன பிறகு அவர்தான்.

இத்தனையும் பார்த்தும் காரணம் பிடிபடவில்லை என்றால் நேரில் போய் விசாரிப்பதோடு நிறுத்தாதீர்கள். ஒரே பக்கத்தில் எழுதுங்கள்: ஓய்வூதிய ஆணை எண், எந்த மாதம், சென்ற மாதம் வந்த தொகை, இந்த மாதம் வந்தது, வித்தியாசம் எவ்வளவு. அந்த வித்தியாசத்துக்கான கணக்கு விவரம் வேண்டும் என்று கேளுங்கள். நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். தாமதம் வங்கியால் ஏற்பட்டது என்று தெரிந்தால், வர வேண்டிய தேதிக்குப் பிந்தைய காலத்துக்கு ஆண்டுக்கு 8 சதவீத வட்டியை, நீங்கள் கேட்காமலேயே, அந்த வங்கி உங்கள் கணக்கில் சேர்க்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் உத்தரவு. 2008 அக்டோபர் 1 முதலான தாமதங்களுக்கு அது பொருந்தும். வட்டி தானாக வந்த பாஸ்புக்கை நான் அதிகம் பார்த்ததில்லை. எனவே அதையும் அதே கடிதத்தில் ஒரு வரியாக எழுதிவிடுங்கள்.