டிஸ்ட்ரிக்ட் ஜட்ஜ்: மாவட்ட நீதிபதி அல்லர்

அமெரிக்க அதிபரின் ஆணைக்கு மாவட்ட நீதிபதி தடை விதித்தார் என்று செய்தி வருகிறது. படிப்பவருக்கு நினைவில் எழுவது கலெக்டர் அலுவலகத்துக்குப் பக்கத்துக் கோர்ட்டுதான். அங்கிருந்துகொண்டு அதிபரைத் தடுக்க முடியுமா என்று அவர் திகைத்தால் பிழை அவருடையது அல்ல, மொழிபெயர்த்தவருடையது.

டிஸ்ட்ரிக்ட் என்ற சொல்லின் இலத்தீன் வேருக்கு இறுக்கிப் பிடித்தல் என்று பொருள். பொருளைப் பறிமுதல் செய்து ஆளைப் பணியவைக்கும் அதிகாரத்தை இடைக்கால இலத்தீன் இச்சொல்லால் குறித்தது. பிறகு அந்த அதிகாரம் செல்லும் நிலப்பரப்புக்கே அது பெயரானது. ஆக, பிறப்பிலேயே இது நீதி எல்லையைச் சுட்டும் சொல். நம் மாவட்டமோ ஆட்சிப் பிரிவு. அதற்கு முன் புழங்கிய ஜில்லா அரபியிலிருந்து வந்தது.

அமெரிக்காவில் நம் மாவட்டத்துக்கு ஓரளவு ஈடானது கவுண்டி. கூட்டாட்சி, அதாவது ஃபெடரல், டிஸ்ட்ரிக்ட் வேறு. 1789ஆம் ஆண்டுச் சட்டம் 13 நீதிமன்றங்களை அமைத்தது, இன்று 94. கலிபோர்னியாவில் நான்கு, கனெக்டிகட் முழுவதற்கும் ஒன்றே ஒன்று. வயோமிங் டிஸ்ட்ரிக்ட் மாநில எல்லையையும் தாண்டும்: யெல்லோஸ்டோன் பூங்காவில் மொன்டானா, ஐடஹோ மாநிலங்களுக்குள் விழும் துண்டுகளும் அதற்குள் அடக்கம். இதை மாவட்டம் என்பது பொருந்தவே பொருந்தாது. காவல்துறையும் வனத்துறையும் ஆளும் சரகம் நம்மிடம் இருக்கிறதே! நீதிச்சரகம் என்றால் குழப்பம் தீரும்.

பதவியின் தன்மையும் வேறு. அதிபர் பெயரை முன்மொழிய, செனட் ஒப்புதல் தர வேண்டும். கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லியை அதிபர் ஜான்சன் 1966 ஜனவரியில் முன்மொழிந்தார்; ஒப்புதல் கிடைக்க ஆகஸ்டு ஆகிவிட்டது. கூட்டாட்சி நீதிபதியான முதல் கறுப்பினப் பெண் அவர். நியூயார்க் தெற்குச் சரகத்தில் 1982இல் தலைமை நீதிபதியானார்.

உள்ளே வந்தபின் ஓய்வு வயது கிடையாது. நன்னடத்தை உள்ளவரை பதவி. 65 வயதும் 15 ஆண்டுப் பணியும் நிறைந்தவர் சீனியர் நிலைக்கு மாறி, குறைந்த வழக்குகளோடு தொடரலாம். இதை ஓய்வுபெற்ற நீதிபதி என்று எழுதுவதும் தவறு. மூத்த நிலை நீதிபதி என்பதே சரி. கான்சஸின் வெஸ்லி பிரவுன் 1962இல் கென்னடியால் நியமிக்கப்பட்டு, 1979இல் மூத்த நிலைக்கு மாறினார். நூறு வயதைத் தாண்டியும் மூக்கில் ஆக்சிஜன் குழாயுடன் வழக்கு விசாரித்தார். 2012 ஜனவரியில் இறந்தபோது அவருக்கு வயது 104. அன்றும் அவர் பதவியில் இருந்தார்.

இந்த டிஸ்ட்ரிக்ட் நீதிமன்றங்கள் ட்ரயல் கோர்ட்டுகள், மேல்முறையீட்டு மன்றங்கள் அல்ல. இனி அந்த ட்ரயல். சலித்துப் பிரித்தல் என்ற பொருளுடைய பழைய பிரெஞ்சு வினையிலிருந்து வந்தது. நம் விசாரணை வடமொழி வரவு. போலீஸ் செய்வதும் விசாரணை, கோர்ட் நடத்துவதும் விசாரணை என்பது இச்சொல்லின் குறை. மதுரைக்காஞ்சியின் அறங்கூறவையத்தை மீட்கலாம் என்பார் உண்டு. அழகுதான், ஆனால் அது நீதிமன்றம் எதற்கும் பொருந்திவிடும், மேல்முறையீட்டு மன்றத்திலிருந்து இதைப் பிரித்துக் காட்டாது. விசாரணை நீதிமன்றம் ஏற்கெனவே செய்தித்தாள்களில் ஊன்றிவிட்டதால் அதையே வைத்துக்கொள்ளலாம்.

எனவே டிஸ்ட்ரிக்ட் ஜட்ஜுக்கு என் பரிந்துரை, கூட்டாட்சி விசாரணை நீதிபதி. கூட்டாட்சி என்ற முன்னொட்டை விட்டுவிடக் கூடாது. டெக்சாஸ் போன்ற மாநிலங்களில் மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் மாநில டிஸ்ட்ரிக்ட் ஜட்ஜ்களும் உண்டு. இலங்கை வாசகருக்கு எழுதுபவர் கூட்டாட்சி என்பதற்குப் பதில் சமஷ்டி என்று போட்டுக்கொள்ளலாம். அங்கே அந்தச் சொல்தான் பழக்கம்.