கூரை மட்கினால்தான் கலை வாழும்: ஹவாயின் புல் வீடுகள்

மரபு வீடுகளைக் காப்பது என்றதும் பலருக்கும் அருங்காட்சியகம்தான் நினைவுக்கு வருகிறது. ஹோனலூலுவின் பிஷப் அருங்காட்சியகத்தில், 1902இல் கவாய் தீவிலிருந்து கொண்டுவந்த மரச்சட்டத்தோடு ஒரு புல் வீடு நிற்கிறது. அது அங்கே இருப்பது நல்லதுதான். ஆனால் அதைப் பார்த்து யாரும் கூரை வேயக் கற்றுக்கொள்ள முடியாது.

கட்டமைப்புப் பொறியாளரான எனக்கு 'ஹாலே' எனப்படும் இந்தப் புல் வீடுகளில் வியப்பூட்டுவது மூட்டுகள். காரையில்லாமல் அடுக்கிய கல்மேடை, ஓஹியா போன்ற வலிய மரக் கால்கள், மேலே கைமரங்கள். ஆணி ஒன்றுகூடக் கிடையாது. எல்லாம் நார்க் கயிற்றுக் கட்டு. சரியாக வரிந்த கட்டு பலத்த காற்றில் சற்றே நெகிழ்ந்துகொடுக்கும். எங்கே எவ்வளவு இறுக்க வேண்டும் என்பதை என்னால் வரைபடத்தில் எழுதிக் கொடுக்க முடியாது. தேர்ந்தவர் பக்கத்தில் நின்று, இழுத்துப் பார்த்துத்தான் பழக வேண்டும்.

கூரைக்குப் பிலி புல். நம்மூர்க் கரடுகளில் நடந்தால் வேட்டியில் குத்தி ஒட்டுமே, அந்த ஊசிப்புல்தான். சில ஆண்டுகளில் மட்கிவிடும், மறுபடி வேய வேண்டும். இதைக் குறை என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. ஒவ்வொரு முறை வேயும்போதும் ஓர் இளைய தலைமுறை பாடம் கேட்டது. 1821இல் பாஸ்டனிலிருந்து கப்பலில் வந்த பலகை வீடு ஹோனலூலுவில் எழுந்தது. பிறகு பலகையும் தகரமும் பரவ, வேயும் தேவை குறைந்தது. 1893இல் முடியாட்சி கவிழ்க்கப்பட்டு, 1896 சட்டத்தால், இந்தப் பாடம் நடந்துவந்த ஹவாய் மொழியும் பள்ளிகளை விட்டு வெளியேறியது.

1970களில் தொடங்கிய பண்பாட்டு மறுமலர்ச்சிக்குப் பின் கட்டுநரும் திரும்பினர். மாவி தீவின் ஹானாவைச் சேர்ந்த பிரான்சிஸ் 'பலானி' சினென்சி ஊர்மக்களைக் கூட்டி வேலையோடு வேலையாகக் கற்பித்தார். ஹாலே கட்டுவதற்கென மாவி நிர்வாகம் தனி விதிகளை வகுத்தது. இதை நான் பெரிதாக மதிக்கிறேன். அனுமதியில்லாத வேலைக்கு எந்தப் பிள்ளை பயிற்சிக்கு வரும்?

பொருட்கள் மாறியிருக்கின்றன. நார்க் கயிற்றுக்குப் பதில் நைலான் கயிறு. 1902இல் மொலோகாய் தீவில் நட்டுப் பின் மீன்குளங்களை ஆக்கிரமித்த அலையாத்தி மரங்கள் இன்று கால்களாகின்றன. பூஞ்சை நோயால் ஓஹியா மரங்கள் மடியும் காலத்தில் இது சரியான மாற்றம் என்றே கருதுகிறேன்.

மரபுக் கட்டிடத் திட்டங்களில் கட்டுவதற்குப் பணம் ஒதுக்குவார்கள், மறுபடி வேய்வதற்கு ஒதுக்க மாட்டார்கள். அடுத்த கூரைக்கான புல்வெளியும் பழகுநர் கூலியும் முதல் மதிப்பீட்டிலேயே இடம்பெற வேண்டும்.